முன்கலை

துவாரகா செக்டர் பதினான்கில், மூன்றாம் மாடியில்
கண்டுபிடிப்புகளைச் சந்தேகிப்பது என் வேலை.
"உலகிலேயே முதலில் நான்தான்" என்று யாராவது சொன்னால்
"பொறுங்கள், பார்த்துச் சொல்கிறேன்" என்பதற்கு
அரசாங்கம் என்னை உட்கார்த்தி வைத்திருக்கிறது.
முன்பே இருந்ததை நான் முன்கலை என்பேன்.
அலுவலகத்தில் அதற்கு வேறு சொல்.
தமிழில் யோசிக்க யாரும் படி தருவதில்லை,
பிடித்தமும் இல்லை.

டிசம்பரில் வந்தது அந்தக் கோப்பு.
குர்காவ்ன் கம்பெனி. விண்ணப்பதாரர் இருவர்,
இருவருக்கும் முப்பது ஆகவில்லை.
படம் வரையும் இயந்திரத்துக்குக்
கைநடுக்கம் கற்றுத்தரும் முறை.
கோரிக்கை ஒன்று: நேராகப் போகும் கோட்டை
இயந்திரம் தானே கொஞ்சம் தவறவிடும்.
கோரிக்கை இரண்டு: தவறியதை நினைவில் வைக்கும்.
கோரிக்கை மூன்று: அடுத்த முறை
அதே தவறை விரும்பிச் செய்யும்.

ஹீட்டரைக் காலருகே இழுத்துக்கொண்டேன்.
அழகாகத்தான் இருந்தது.
அழகு எங்கள் சட்டத்தில் எந்தப் பிரிவிலும் வராது.

பதினொரு நாள் தேடினேன்.
ஜப்பானில் இல்லை. ஜெர்மனியில் அரைகுறையாக ஒன்று.
பன்னிரண்டாம் நாள், ஒரு கல்லூரி நூலகத்தில்
ஸ்கேன் செய்யாமல் விட்ட அலமாரியில்
பச்சை அட்டை ஆய்வேடு, எண்பத்தாறாம் வருஷத்தது.
ஹர்மிந்தர் கௌர் சாஹ்னி.
எடுத்தவர் பெயர் எழுதும் சீட்டில் ஒருவரும் இல்லை.

அவள் என்றே எழுதுகிறேன்.
அந்த அட்டைக்குள் அவளுக்கு இருபத்தாறு வயது,
எனக்கு ஐம்பத்திரண்டு.

பழைய ப்ளாட்டர், அதன் இரும்புக் கையில் மைப்பேனா.
மே மாத வெயிலில் வோல்டேஜ் இறங்கும்போதெல்லாம்
பேனா தயங்கியிருக்கிறது.
வட்டம் வரையத்தான் சொல்லியிருந்தாள்.
தயங்கிய இடத்தில் மை ஊறி
ஒரு குருவியின் கழுத்து வந்தது.
வேறொருவர் என்றால்
ஸ்டெபிலைசர் கேட்டு மனுப் போட்டிருப்பார்.
இவள் வோல்டேஜைக் குறித்தாள்.
எத்தனை மணிக்கு எவ்வளவு இறங்கியது,
பேனா எங்கே நின்றது,
நூற்று நாற்பது பக்கம்.
நடுவில் பத்து நாள் மட்டும் கட்டங்கள் காலி.
தேதியைப் பார்த்தேன்: எண்பத்துநாலு, நவம்பர்.
அவள் பெயரை மறுபடி ஒருமுறை படித்தேன்.

பதினொன்றாம் நாளிலிருந்து அதே பென்சில், அதே கட்டங்கள்.
பிறகு, மின்சாரம் ஒழுங்காக வந்த ஓர் இரவில்
பட்டியல் முழுவதையும் இயந்திரத்துக்குள் செலுத்தி
இனி நீயே தயங்கு என்றிருக்கிறாள்.

நன்றியுரையில் வழிகாட்டிக்கு ஒரு வரி.
மின்வாரியத்துக்கு ஆறு.

எங்கள் படிவத்தில் ஒரு கட்டம் உண்டு:
உண்மையான, முதல் கண்டுபிடிப்பாளர்.
பிள்ளைகள் இருவரும் தங்கள் பெயரை எழுதியிருந்தார்கள்.
பொய்யில்லை. அவளைக் கேள்விப்பட்டதே இல்லை அவர்கள்.
உண்மையானவர்கள்தான், முதலானவர்கள் இல்லை.
நடுவில் இருக்கும் காற்புள்ளியில் முப்பத்தேழு வருஷம்.

அறிக்கை எழுதினேன்:
ஒன்று முதல் மூன்று வரை புதுமை இல்லை.
பார்க்க: சாஹ்னி, பக்கம் அறுபத்தொன்று.
அவளை ஒருவர் மேற்கோள் காட்டுவது
இதுதான் முதல் முறை போலிருக்கிறது,
அதுவும் இன்னொருவரை மறுக்க.

அவளையும் தேடினேன்.
கனடா என்றார் ஒருவர்.
ரோஹிணியில் கணக்கு டியூஷன் எடுப்பதாக இன்னொருவர்.
கண்டுபிடித்தவரைக் கண்டுபிடிக்கும் பிரிவு
எங்களிடம் இல்லை.

விசாரணை வீடியோவில் நடந்தது.
வக்கீல் இருமிவிட்டு ஆரம்பிப்பதற்குள்
அந்தப் பெண், தன்விகா, குறுக்கே கேட்டாள்:
"சார், அந்தக் குருவியை நாங்கள் பார்க்கலாமா?"

விதியில் இடமில்லை. ஆனாலும் ஸெராக்ஸ் எடுத்தேன்.
எங்கள் மெஷினில் டோனர் தீர்ந்துகொண்டிருந்தது.
கழுத்து இன்னொரு பக்கம் வெளுத்து,
மூலத்தில் இல்லாத வகையில்
குருவி திரும்பிப் பார்த்தது.

டோனர் மாற்றச் சொல்லி மனு எழுதினேன்.
மேஜையில்தான் கிடக்கிறது.
இன்னும் கையெழுத்துப் போடவில்லை.