சாட்சிக் கையெழுத்து

உன் இடது முழங்காலை
யித்காவைவிட எனக்கு நன்றாகத் தெரியும், ஹவ்ரான்.
மழைக்கு முந்தின நாள் எந்தப் பக்கம் இழுக்கும்,
கார்னர் பந்துக்குத் தாவி இறங்கும்போது
எந்தக் காலை முதலில் ஊன்றுவாய்,
எல்லாம்.
பதினோரு வருடமாகப் பார்க்கிறேன்.
அது உடையவேண்டுமென்று ஒருநாளும் நினைத்ததில்லை.
இரண்டு நாள் நினைத்தேன்.
ஒன்று, வீட்டுக்கடன் தவணை தவறிய வாரம்.
மற்றதைச் சொல்லமாட்டேன்.

ஆஸ்த்ராவாவில் நவம்பர் மாதம்
கசடுமலைக்குப் பின்னால்
மூன்றரை மணிக்கே வெளிச்சம் வடிந்துவிடும்.
பெஞ்சுக்கு அடியில் சூடேற்றும் கம்பி
சரியாக என் இருக்கையோடு நின்றுவிடும்.
மாப்பிள்ளைத் தோழன்போல வாராவாரம் முழு ஜோடனை:
காலுறை, பட்டை, கையுறை,
முதுகில் முப்பத்தொன்று.
ஒப்புக்குச் சப்பாணிக்கும் சம்பளம் உண்டு,
ஊக்கத்தொகையில் பாதி உண்டு.
அப்பா என்ன வேலை என்று பள்ளியில் கேட்டதற்கு
"இன்னொருத்தர் விழுகிறாரா என்று பார்ப்பார்"
என்றாளாம் என் மகள்.

அது மட்டுமில்லை வேலை.
ஆட்டத்துக்கு முன் உனக்குப் பந்து உதைப்பவன் நான்.
முதல் முப்பது, கொஞ்சம் கடினமாக.
கடைசிப் பத்து, நீ பிடிக்கும்படி.
உன் நெஞ்சுக்கு நேராக, அல்லது
நீட்டினால் எட்டுகிற தூரத்தில்,
அதுவும் நான் விட்டுக்கொடுத்தது தெரியாமல்.
அதில் மட்டும்
இந்த லீக்கில் என்னை மிஞ்ச ஆளில்லை.

அப்புறம் அந்த மார்ச் மாதம்,
எழுபத்தோராவது நிமிடம்.
ஒபாவாக்காரப் பையன் உன்னைத் தாண்டி விழுந்தான்.
நடுவர் சட்டைப்பைக்குள் கைவிட்டார்.
கொடிக்கம்பத்துக்குப் பின்னால்
தொடையை நீட்டி மடக்கிக்கொண்டிருந்தேன்.
"குபேஷா!" என்றார்கள்.
யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று நினைத்தேன்.

கையுறைப் பட்டையை இறுக்கி முடிக்குமுன் விசில்.
நான் வலப்பக்கம் போனேன், பந்து போகவில்லை.
தொழில்முறை ஆட்டத்தில் என் முதல் தொடுகை
வலைக்குள்ளிருந்து பந்தை எடுத்தது.
ஈரமாக இருந்தது,
நினைத்ததைவிடக் கனமாக.
மிச்சம் பத்தொன்பது நிமிடத்தில்
ஒரு பின்பாஸ்,
கோட்டுக்கு வெளியே போன ஒரு கோல்கிக்,
நடுவில் நிறைய காற்று.

உனக்கு மூன்று ஆட்டம் தடை,
அதாவது எனக்கு மூன்று ஆட்டம்.
ஞாயிற்றுக்கிழமை புதுக் கையுறை வாங்கினேன்.
ப்ர்னோவிலிருந்து தம்பி ரயிலுக்குச் சீட்டு எடுத்துவிட்டான்.
மகள் இரண்டு சிநேகிதிகளை அழைத்துவரலாமா என்றாள்.

திங்கட்கிழமை
செயலாளர் ஷிமேச்கோவா அம்மாள் ஒரு தாளோடு வந்தார்.
"மேல்முறையீடு. கேமராவைத் தூண் மறைத்துவிட்டது.
பக்கத்தில் இருந்தது நீங்கள்தான்."

இருந்தேன், பார்த்தேன்.
உன் விரல்நுனிக்கும் அவன் பூட்ஸுக்கும் நடுவே
ஒரு முஷ்டி இடைவெளி.
அதற்குள்தான் என் மூன்று ஆட்டமும் இருந்தது.

பேனா எழுதவில்லை.
வேறு பேனா தேடி அவர் அடுத்த அறைக்குப் போனார்,
நேரம் எடுத்துக்கொண்டார்.
தூண் எனக்கும் மறைத்தது என்று சொல்லியிருக்கலாம்.
யார் கேட்கப்போகிறார்கள்?

"தொடவில்லை" என்று எழுதினேன்.
கீழே கையெழுத்து.
ரசிகர் யாருக்கும் இதுவரை போட்டுத் தந்ததில்லை,
கோணலாக வந்தது.

தடை ரத்து.
கோல் ரத்தாகவில்லை,
அது என் பேரில் நிற்கிறது.
தம்பியின் சீட்டுக்குப் பணம் திரும்பவில்லை.

நீ நன்றி சொல்லவில்லை.
சொல்லியிருந்தால் என்ன செய்திருப்பேன், தெரியாது.
சனிக்கிழமை வழக்கம்போல வந்து நின்றாய்.
வழக்கம்போல உதைத்தேன் முப்பது.
கடைசிப் பத்தில் ஏழாவதை
மேல்மூலைக்கு அடித்தேன்,
கம்பியின் உட்புறம் உரசி, முழு வேகத்தில்.
நீ அசையக்கூட இல்லை.

வலைக்குள் பந்து சுற்றி அடங்கும்வரை
இருவரும் அதையே பார்த்தோம்.
பிறகு கையுறையைத் தட்டிக்கொண்டு
முழங்காலை மடக்கிக் குனிந்து
சொன்னாய்:
"இன்னொன்று. அதே மாதிரி."