எத்தனை நீளம்

தொண்டி கண் முகாமில்
டார்ச் அடித்துப் பார்த்த பெண் கேட்டாள்:
"கலந்தர் நைனா, அடிபட்டதா?"
"பாம்பு துப்பினது" என்றார் இவர்.
வரிசையே சிரித்தது.
கொத்தும், சீறும், படமெடுக்கும்.
துப்புவதற்கு அது என்ன
பஸ் ஸ்டாண்டில் வெற்றிலை போடுகிற ஆளா?

நானும் நம்பியதில்லை.
ஜொகூர் செம்பனைத் தோட்டத்தில்
மேஸ்திரி எவனோ கை நீட்டியிருப்பான்,
சொல்லக் கூசி
ஒரு பாம்பைச் செய்துகொண்டார் என்றே
ஏழு வருஷம் நினைத்திருந்தேன்.

இவர் சொன்னது இவ்வளவுதான்:
உதிரிப் பழம் பொறுக்கக் குனிந்தேன்.
ஆறடி தள்ளி நின்று
என் முகத்தைப் பார்த்தது.
அப்புறம் கண்ணுக்குள் சுண்ணாம்பு வெந்தது.
தண்ணீர் கிடைக்க அரை மணி.
வலது மீண்டது,
இடது பால் கட்டிக்கொண்டது.

நேற்று காரங்காட்டு அலையாத்திக்குள்
நண்டு வலை எடுக்கப் போனோம்.
வழி மறித்த தில்லைக் கிளையை
மகன் ஒடித்தான்.
முகத்தைப் பொத்திக்கொண்டு அலறினான்.
நான் மரத்தைத் திட்டிக்கொண்டு நின்றேன்.
இவர் கத்தவில்லை.
இமையைப் பிளந்து பிடித்து
குடிதண்ணீர்க் கேனைச் சரித்தார்,
"தேய்க்காதே, தேய்க்காதே" என்று
கடைசிச் சொட்டுவரை.

கரை சேரும்வரை மூவருக்கும் நா வறண்டது.
துடுப்புச் சத்தத்துக்கு நடுவே
முதல்முறையாகக் கேட்டேன்,
அந்தப் பாம்பு
எத்தனை நீளம் இருந்தது என்று.