அரைப்பேர்

நோர்வூட்டுக்கு மூன்று லொறியில் வந்து இறங்கியது படக் கம்பெனி.
பதினேழாம் நம்பர் மலையை வாடகைக்குப் பிடித்தார்கள்,
மலையோடு எங்களையும்.
"கொழுந்து எடுக்க வேணாம், எடுக்கிற மாதிரி நில்லு"
என்றார் கணக்கப்பிள்ளை.
எடுக்கும்போது வலிக்காத இடுப்பு
எடுக்கிற மாதிரி நின்றதில் வலித்தது.

எட்வின் ஸ்க்ரிவன் என்று அவருக்குப் பெயர்.
எங்கள் வாயில் எட்டுவீட்டுத் துரை.
படத்தில் துரைகூட இல்லை,
துரைக்கு மருந்து கலக்கும் குடிகார டாக்டர்.
கிளப்பில் ஒரு பாட்டுப் பாடிவிட்டுக்
காய்ச்சலில் செத்துப்போவார்.

அன்றைக்குப் பதினொரு தடவை செத்தார்.
ஒவ்வொரு தடவையும் எழுந்து
முழங்காலில் ஒட்டிய அட்டையைப் பிய்த்தெறிந்துவிட்டு
"சரியா?" என்பார் என்னைப் பார்த்து,
எங்களிடம் படித்த ஒரே சொல்லால்.
டைரக்டரைக் கேட்டால்
இன்னொரு தடவை சாகச் சொல்வார் அல்லவா.

மழை இறங்கிய மத்தியானம்
கொழுந்து நிறுக்கிற மடுவத்தில் ஒதுங்கினோம்.
டிரைவர் சில்வெஸ்டர் பேச்சை மாற்றிச் சொன்னான்,
பாதி அவனே சேர்த்ததாகவும் இருக்கும்.
நிலக்கரி ஊராம். அப்பா சுரங்கத்தில்.
இவர் கோயிலில் பாடி, பிறகு கொட்டகைகளில்
நாய் வித்தைக்கும் கத்தி வீச்சுக்கும் நடுவில் பாடி,
சண்டை முடிந்தபின் சினிமாவாம்.
நாற்பத்திரண்டு படம்.
ஸ்டேஷன் மாஸ்டர் ஆறு, பாதிரியார் மூன்று,
தூக்குப் போடுகிறவர் ஒன்று, தொங்குகிறவர் ஒன்று.
ஒரு படத்திலும் கல்யாணம் ஆகவில்லை.
சுவரொட்டியில் ஒருதரம் காது வந்ததாம்.

என் வீட்டுக்காரர் முத்துக்கறுப்பன்
காமன் கூத்தில் பன்னிரண்டு வருஷமாகத் தூதன்.
ஓலை கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போகிற தூதன்.
அதைச் சொன்னதும் ஸ்க்ரிவன் எழுந்து வந்து
அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார்.
ஆறு ஸ்டேஷனுக்கும் சேர்த்து.

அப்போதுதான் கணக்கப்பிள்ளை செக்ரோலைத் திறந்தார்.
நிறுக்கக் கொழுந்து இல்லை,
அதனால் எல்லோருக்கும் அரைப்பேர்.
"பேரில் பாதியா?" என்று கேட்டார் ஸ்க்ரிவன்.
"எந்தப் பாதி?"
சில்வெஸ்டர் சிரித்தான். நாங்களும் சிரித்தோம்.
அவர் தராசுக் கொக்கியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.
பிறகு பாடினார்.
கிளப்பில் பாடவேண்டிய அதே பாட்டு,
குடிகாரன் குரல் இல்லாமல்.
மூன்றாவது அடியில் தொண்டை அடைத்தது.
அது நடிப்பில்லை என்று எனக்குத் தோன்றியது;
நடிப்பாகவும் இருக்கலாம், தொழில்காரர்.

இரண்டு வருஷம் கழித்து அட்டன் தியேட்டருக்குப் படம் வந்தது.
பாட்டை வெட்டிவிட்டார்கள்.
கிளப் கதவைத் திறந்தார், அடுத்த காட்சியில் செத்துக் கிடந்தார்.
நான் இரண்டு பாதமாக வந்தேன்,
இடது காலில் வெள்ளிக் காப்பு.
முன் வரிசையில் இருந்தவன் விசிலடித்தது
யானைக்கு.

பிரஜாவுரிமை விசாரணையில்
இத்தனை வருஷம் இங்கேதான் இருந்தாய் என்பதற்கு
என்ன அத்தாட்சி என்றார்கள்.
பிறப்புப் பத்திரத்தில் மழை ஒழுகிவிட்டது.
படத்தில் இருக்கிறேன் ஐயா, என்றேன்.
முகம் தெரியுமா?
பாதம் தெரியும்.
எழுதிக்கொண்டிருந்தவர் பேனாவை வைத்துவிட்டுச் சிரித்தார்.
கெட்டவர் இல்லை. தண்ணீர்கூடக் கொடுத்தார்.
மனுவைத் தள்ளுபடி செய்தார்.

பெட்டரியில் ஓடும் டீவி
லயத்துக்கு வந்தபின் அவரை நாலுதரம் பார்த்தேன்.
ஒன்றில் நீதிபதி. ஒன்றில் பிணம், நன்றாகச் செய்திருந்தார்.
கடைசியாகப் பார்த்தபோது முடியெல்லாம் நரைத்து,
பெரிய மாளிகை வாசலில்
விருந்துக்கு வருகிறவர்களின் பெயரைக்
கூவிச் சொல்லும் வேலைக்காரர்.
கோமானே, சீமாட்டியே, தளபதியே,
ஒவ்வொரு பெயரையும் முழுசாக,
கடைசி எழுத்துவரை விடாமல்.

படங்கைக் கழற்றாமல் நின்று பார்த்தேன்.
ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள்.
பெட்டரி இறங்கி, படம் ஒரு புள்ளியாகச் சுருங்கியது.
வெள்ளையம்மா, முத்துக்கறுப்பன் மனைவி,
பதினேழாம் நம்பர் மலை
என்று இருட்டில் நானே சொல்லிப் பார்த்தேன்,
அவர் குரலில்.
மூன்றாவது சொல்லில் தொண்டை அடைத்தது.