பி பக்கத்தில் நாலு நிமிடம்

சுன்னாகம் சந்தைக்குப் பின்னால் ஒரு ரெக்கோடிங் பார்.
முதலாளி தவராசா. பாட்டு அவர் பதிவார்,
அட்டையில் எழுதுவது நான்:
நீலத்தில் பாட்டு, சிவப்பில் பாடினவர்.

எழுபத்தொன்பது மார்கழி.
எல்லாருக்கும் பொப் வேண்டும்.
புகையிலைக்குத் தண்ணி மாறிவிட்டு வருகிறவன்கூட
மேசையில் பொங்கோ தட்டித்தான் விலை கேட்பான்.
"அடிக்கிற மாதிரி ஒரு பைலா போடு தம்பி,
வான் மேடு ஏறவேணும்" என்பார் தட்டிவான் கனகசபை.
யாழ்ப்பாணத்தில் எங்கே மேடு என்று
நான் கேட்டதில்லை.

ஏழாலை சறோசினிதேவி
கண்ணாடித்தாள் பிரிக்காத அறுபது நிமிடக் கசெற்றோடு வந்தா.
பஹ்ரேனிலிருந்து புருசன் அனுப்பினது.
பட்டியலில் பதின்மூன்று பாட்டு.
கூட்டிப் பார்த்தால்
பி பக்கத்தில் நாலு நிமிடம் மிச்சம்.

"அதில எங்கட மெசினைப் பிடிச்சுத் தாங்கோ."
"என்ன மெசின்?"
"தண்ணி இறைக்கிற மெசின்தான்.
அந்தச் சத்தமில்லாமல் அவருக்கு நித்திரை வருகுதில்லையாம்."

தவராசா சிரிக்கவில்லை.
ஆறு பற்றரிக்குக் காசு வாங்கினார்.

முப்பத்தோராம் திகதி பின்னேரம்
சைக்கிள் கரியரில் ரேப் ரெக்கோடரைக் கட்டிக்கொண்டு
செம்மண் ஒழுங்கையால் போனேன்.
வெங்காயம் நட்டுப் பத்து நாள்.
கயிறு சுற்றி இழுத்தா, மெசின் இருமியது.
திரும்ப இழுக்கக் கயிறு அறுந்தது.
பழஞ்சேலைக் கரையைக் கிழித்து முடிச்சுப் போட்டு
காலை வரம்பில் ஊன்றி
இழுத்தாவே ஒரு இழுவை,

பிடித்துக்கொண்டது.
டுக்குடுக்குடுக்கு,
அதற்கடியில் வாய்க்கால் நிறைகிற சளசளப்பு,
காற்று மாறினால்
மல்லாகப் பக்கத்து மாதா கோயில் லவுட்ஸ்பீக்கரில்
இரவுக் கச்சேரிக்குக் கிற்றார் முறுக்குகிற பொடியள்:
"ஹலோ, ஹலோ, ஒண்டு, ரெண்டு."

நாடா முடியப் பத்து விநாடி.
மைக்கைப் பார்க்கவில்லை அவ.
மெசினைப் பார்த்துச் சொன்னா,
"உங்களுக்கென்ன,
அங்க குழாயைத் திறந்தாத் தண்ணி."

தவராசா ஒரு கொப்பி வைத்துக்கொண்டார்.
அது எனக்குத் தெரியும். நான் ஒன்றும் சொல்லவில்லை.
மற்றவர்களின் கசெற்றில் இடம் மிஞ்சினால்
அதைப் போட்டு நிரப்பினார்.
எண்பது தை முடியமுன்
"அந்த மெசின் பாட்டு இருக்கோ?" என்று
ஊரெழுவிலிருந்து ஆள் வருகிறது.
கடன் கேட்டால் "உங்களுக்கென்ன."
பள்ளிக்கூட மதிலில் கரியால் "உங்களுக்கென்ன."
சந்தையில் வெங்காயம் விலை இறங்கிய அன்று
தரகரைப் பார்த்து நாலைந்து பேர் ஒரே குரலில்.

அட்டையில் நீலத்தில் 'மெசின் பாட்டு' என்று எழுதினேன்.
சிவப்புக்கு வந்ததும் பேனையை மூடிவிடுவேன்.

ஒருநாள் கடைக்கு வந்தா.
"பேர் போடேல்லைத்தானே?"
"இல்லை."
"அப்ப அழியுங்கோ."
அவ முன்னாலேயே அழித்தோம்.
வெளியே போன பதினொன்றை என்ன செய்வது?
புருசன் என்ன எழுதினார் என்று கேட்க
எனக்கு வாய் வரவில்லை.

மாசியில் கனகசபை சொன்ன கதை இது.
வெறும் சாக்குகளோடு பின்சீற்றில் இருந்தாவாம்.
பைலா முடிந்து மெசின் தொடங்கியதாம்.
வான் முழுக்கக் காத்திருந்து
கடைசி வரியைக் கூடச் சொன்னதாம்.
அவ மட்டும் யன்னலுக்கு வெளியே பார்த்தபடி.
ஏழாலைச் சந்தியில் மணி அடித்து நிற்பாட்டியும்
எழும்பவில்லையாம்.
"திரும்பப் போடுங்கோ" என்றாவாம்,
குப்பிளான் மட்டும் ரிக்கற் எடுத்து.

சில்லறை சரியாய்க் கொடுத்தாவாம்.
அதைத்தான் கனகசபை
இரண்டு தரம் சொன்னார்.