முழங்கால்

இருநூற்றுப் பதினோரு ஆட்டம், ஒரே கோல்:
அதுவும் சொந்த வலைக்குள்.
டப்ளின் கதையை டெக்லன் ரஃபர்ட்டி
எங்களிடம் மறைத்ததில்லை.

கொம்பனித்தெருவுக்கு மனேஜராக வந்தவருக்கு
மழைக்கு அரைமணி முன்னமே
இடது முழங்கால் இழுக்கும்.
அதைப் பார்த்துத்தான் சப்ரின்
கொடியில் காயும் ஜேர்சிகளை அள்ளுவான்.
வானிலை அறிக்கை பொய்த்ததுண்டு.
முழங்கால், இல்லை.

ஆறு தோல்வி. துறைமுக அணியோடு ஒரு சமநிலை.
தலைவரின் அழைப்பு வந்தபோது நான் பக்கத்தில்
(இரண்டாவது கோல்காப்பாளனுக்கு வேறெங்கே இடம்?)
பிளேன்டீயை ஆறவிட்டு
"சரி, சரி" என்றார், தமிழில்.

மறுநாள்
விசில், கூம்புகள், அலுமாரிச் சாவி
எல்லாம் எண்ணிக் கொடுத்துவிட்டு
பேர வாவிப் பக்கம் நடந்தார்,
காலை இழுத்தபடி.

சப்ரின் பார்த்துக்கொண்டே நின்றான்.
முதல் துளி விழுந்தபோதும்
ஜேர்சிகள்
கொடியிலேயே கிடந்தன.